வக்கீலம்மா பதில்கள்: வன்கொடுமை வழக்கில் முன் ஜாமீன்

போன வாரத் தபாலில் இரண்டு கடிதங்கள் ஒன்றாக வந்தன. ஒன்று, வழக்கில் சிக்கிய பையனின் அப்பா எழுதியது. இன்னொன்று, புகார் கொடுத்த பெண் எழுதியது. ஒரே வழக்கு என்று நினைத்துவிடாதீர்கள், மாவட்டமே வேறு. ஆனால் இருவரும் கேட்டிருப்பது ஒரே பிரிவைப் பற்றி. அதனால் இந்த இதழில் நிலப் பட்டா, ஜீவனாம்சக் கேள்விகளைத் தள்ளி வைத்துவிட்டேன்.

கேள்வி: வக்கீலம்மாவுக்கு வணக்கம். என் மகனுக்கு 23 வயது. எங்கள் ஊர்த் திருவிழா அன்று டீக்கடை வாசலில் பைக் இடித்த தகராறில் காலனிப் பையன் ஒருவனோடு கைகலப்பு ஆகிவிட்டது. சாதியைச் சொல்லித் திட்டி அடித்ததாக பி.சி.ஆர். கேஸ் போட்டுவிட்டார்கள். கோபத்தில் வாயில் வந்த வார்த்தைதான் அம்மா, வேறொன்றும் இல்லை. இப்போது அவனைத் திருப்பூரில் உறவினர் வீட்டில் வைத்திருக்கிறேன். முன் ஜாமீன் கிடைக்காது என்று ஒருவர் சொல்கிறார். 60,000 கொடுத்தால் வாங்கித் தருகிறேன் என்கிறார் இன்னொருவர். ஊர்ப் பெரியவர்களை விட்டு அந்தப் பையன் வீட்டில் பேசலாமா?
– பெயர் வேண்டாம், திண்டுக்கல் மாவட்டம்

பதில்: ஐயா, முதலில் பெயரைச் சரி செய்துகொள்வோம். பி.சி.ஆர். என்பது 1955-ஆம் ஆண்டின் குடிமை உரிமைகள் பாதுகாப்புச் சட்டம். உங்கள் மகன் மேல் போட்டிருப்பது 1989-ஆம் ஆண்டின் பட்டியல் சாதிகள், பட்டியல் பழங்குடிகள் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம். 1990 ஜனவரி 30 முதல் நடைமுறையில் இருக்கிறது. முப்பத்தைந்து வருடம் ஆன பிறகும் ஊரிலும் ஸ்டேஷனிலும் பழைய பெயர்தான் ஓடுகிறது. பெயர் மாறினால் என்ன என்பீர்கள். முன் ஜாமீனுக்குத் தடை இருப்பது இந்தச் சட்டத்தில்தான்.

தடை பிரிவு 18-ல் இருக்கிறது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 438-வது பிரிவு, அதாவது முன் ஜாமீன் பிரிவு, இந்தச் சட்டக் குற்றங்களுக்குப் பொருந்தாது என்று அது சொல்கிறது. 2024 ஜூலை 1 முதல் 438 போய், பி.என்.எஸ்.எஸ். என்ற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 482 ஆகிவிட்டது. (பழைய சட்டத்தில் 482 என்றால் உயர் நீதிமன்றத்தில் வழக்கையே ரத்து செய்யக் கேட்கும் பிரிவு. எங்கள் வராண்டாவில் இன்னமும் “482 போடுங்க” என்று சொன்னால், எந்த 482 என்று திருப்பிக் கேட்க வேண்டியிருக்கிறது.) எண் மாறினாலும் தடை அப்படியேதான் இருக்கிறது.

அப்படியானால் 60,000 கேட்பவர் எதை வைத்துப் பேசுகிறார்? ஒரு சின்ன இடைவெளி இருப்பது உண்மை. 2018 மார்ச் 20-ல் உச்ச நீதிமன்றம் சுபாஷ் காசிநாத் மகாஜன் வழக்கில், கைதுக்கு மேலதிகாரி அனுமதி, வழக்குப் பதியும் முன் பூர்வாங்க விசாரணை என்று கட்டுப்பாடுகளை வைத்தது. முன் ஜாமீனுக்கும் வழி விட்டது. நாடே கொந்தளித்தது, ஏப்ரல் 2 பாரத் பந்த் உங்களுக்கு நினைவிருக்கும். நாடாளுமன்றம் அந்த ஆகஸ்டிலேயே 18ஏ என்ற பிரிவைச் சேர்த்தது. எந்தத் தீர்ப்பு என்ன சொல்லியிருந்தாலும் முன் ஜாமீன் இல்லை என்பது அதன் சாரம். அடுத்த வருடம் அக்டோபரில் உச்ச நீதிமன்றமே தன் கட்டுப்பாடுகளைத் திரும்பப் பெற்றது. 2020 பிப்ரவரி 10-ல் பிருத்விராஜ் சவுகான் வழக்கில் 18ஏ செல்லும் என்று சொல்லிவிட்டு, கூடவே ஒன்று சொன்னது: புகாரைப் படித்தால் மேலோட்டமாகக்கூட இந்தச் சட்டத்தின் குற்றம் தெரியவில்லை என்றால், தடையும் பொருந்தாது.

இடைவெளி அவ்வளவுதான். நீதிபதி உங்கள் மகன் நல்லவனா, படித்தவனா, அவனுக்கு இது முதல் வழக்கா என்றெல்லாம் பார்க்க மாட்டார். புகார் பொய்யா என்று சாட்சிகளை எடைபோட்டும் பார்க்க மாட்டார். புகார்த் தாளில் எழுதியிருப்பதை அப்படியே உண்மை என்று வைத்துக்கொண்டால், அது இந்தச் சட்டத்தில் குற்றமாகுமா? இந்த ஒரு கேள்விதான். 2025 செப்டம்பர் 1-ல் மகாராஷ்டிர வழக்கு ஒன்றில் உயர் நீதிமன்றம் கொடுத்த முன் ஜாமீனை உச்ச நீதிமன்றம் ரத்து செய்ததே இதற்காகத்தான். முன் ஜாமீன் கட்டத்திலேயே குட்டி விசாரணை நடத்தாதீர்கள் என்று சொன்னது.

உங்கள் கடிதத்தோடு அனுப்பிய முதல் தகவல் அறிக்கை நகலை இரண்டு முறை படித்தேன். டீக்கடை வாசல், மாலை ஐந்து மணி, கூட்டம். சொன்ன வார்த்தை அப்படியே எழுதியிருக்கிறது. கேட்டவர்கள் மூன்று பேர் பெயரோடு இருக்கிறார்கள். பொதுமக்கள் பார்வையில் வேண்டுமென்றே இழிவுபடுத்துவது 3(1)(ஆர்), சாதிப் பெயரைச் சொல்லித் திட்டுவது 3(1)(எஸ்); இரண்டுக்கும் தேவையானது எல்லாம் அதில் இருக்கிறது. போதாததற்கு நீங்களே “கோபத்தில் வாயில் வந்த வார்த்தைதான்” என்று எனக்கு எழுதியிருக்கிறீர்கள். கோபம் வந்தால் என் வாயில் என்ன வார்த்தை வரும், உங்கள் வாயில் என்ன வரும் என்று யோசித்துப் பாருங்கள். பைக்கை இடித்தவன் உங்கள் தெருப் பையனாக இருந்திருந்தால் அந்த வார்த்தை வந்திருக்காது. சட்டம் கேட்பதும் அதைத்தான்.

அதனால் நேராகச் சொல்கிறேன்: இந்தத் தாளை வைத்து முன் ஜாமீன் கிடைக்காது. 60,000-ஐ வீட்டிலேயே வையுங்கள்.

முன் ஜாமீன் இல்லை என்றால் ஜாமீனே இல்லை என்று அர்த்தம் இல்லை. இதைத்தான் பலர் போட்டுக் குழப்பிக்கொள்கிறார்கள். தடை கைதுக்கு முந்தைய ஜாமீனுக்கு மட்டும். மகன் சிறப்பு நீதிமன்றத்தில் சரணடைந்து சாதாரண ஜாமீன் கேட்கலாம். சரணடையும் அன்றே மனுவை விசாரித்து முடிவு செய்யும்படி சிறப்பு நீதிமன்றத்துக்கு உத்தரவிடக் கேட்டு உயர் நீதிமன்றத்தில் முதலில் ஒரு மனு போடுவது எங்கள் பக்கம் வழக்கத்தில் உண்டு. அப்போதும் புகார் கொடுத்தவருக்கு நோட்டீஸ் போக வேண்டும். அதைக் குறுக்குவழியில் தாண்டப் பார்க்கும் வக்கீலிடம் போகாதீர்கள், உத்தரவு பின்னால் உடையும். ஜாமீன் மறுக்கப்பட்டால் பிரிவு 14ஏ-ன்படி உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு. உங்களுக்கு மதுரைக் கிளை. 2004-க்கு முன்னால் இதற்காக நாங்கள் வழக்குக் கட்டைத் தூக்கிக்கொண்டு சென்னைக்குப் பாண்டியன் எக்ஸ்பிரஸ் ஏறியவர்கள். இப்போது கிளை இருக்கும் ஒத்தக்கடை பக்கம் பஸ் போகிறது.

இன்னொன்று. 18ஏ-ல் கைதுக்கு அனுமதி தேவையில்லை என்று சொல்லும் வரியிலேயே “தேவைப்பட்டால்” என்ற சொல் இருக்கிறது. வழக்கு பதிந்தால் கைது செய்தே ஆக வேண்டும் என்று சட்டம் சொல்லவில்லை. மகன் ஊரில் இருந்து, டி.எஸ்.பி. கூப்பிட்டபோது ஆஜராகியிருந்தால் அதைச் சொல்லிக் கேட்க ஒரு வாய்ப்பாவது இருந்திருக்கும். திருப்பூரில் ஒளித்து வைத்ததில் அது போயிற்று. நாளைக்கு ஜாமீன் மனுவில் அரசு வழக்கறிஞர் முதலில் சொல்லப்போவதும் இதைத்தான்: ஆள் தலைமறைவு.

ஊர்ப் பெரியவர்களை அனுப்புவது? வேண்டாம் ஐயா. நீங்கள் சமாதானம் என்று நினைத்து அனுப்புவீர்கள்; எட்டுப் பேர் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு அந்தத் தெருவில் போய் நின்றால் அந்த வீட்டுக்கு அது சமாதானமாகத் தெரியாது. சாட்சியை மிரட்டியதாக இன்னொரு வழக்கு வரும். கிடைத்த ஜாமீனும் ரத்தாகும். “இனிமேல் அவர்களை வேலைக்குக் கூப்பிட மாட்டோம்” என்று ஊரில் சிலர் பேசுவதாக உங்கள் கடிதத்தின் பின்பக்கத்தில் எழுதியிருக்கிறீர்களே, அதைப் பேசுபவர்களிடமும் சொல்லி வையுங்கள்: 2016-ல் நடைமுறைக்கு வந்த திருத்தத்தில் சமூக, பொருளாதாரப் புறக்கணிப்பும், அதைச் செய்வோம் என்று மிரட்டுவதும் தனிக் குற்றம்.

கேள்வி: ரேஷன் கடை வரிசையில் நின்றபோது எங்கள் ஊர்க்காரர் ஒருவர் என்னைப் பின்னால் போய் நிற்கச் சொன்னார். மறுத்தேன். எல்லார் முன்னாலும் சாதிப் பெயரைச் சொல்லித் திட்டிப் பையைப் பிடுங்கி எறிந்தார். மூன்று நாள் அலைந்து வழக்குப் பதிந்தார்கள். இப்போது அவர் முன் ஜாமீன் மனு போட்டிருப்பதாக டீக்கடையில் பேசிக்கொள்கிறார்கள். எனக்கு எந்தத் தகவலும் வரவில்லை. என்னைக் கேட்காமல் கொடுத்துவிடுவார்களா?
– எம்.காம். பட்டதாரி, விருதுநகர் மாவட்டம்

பதில்: கொடுக்கக் கூடாது. பிரிவு 15ஏ என்று ஒன்று, 2016-ல் வந்த அதே திருத்தத்தில் சேர்ந்தது. ஜாமீன் உட்பட எந்த நீதிமன்ற நடவடிக்கையானாலும் பாதிக்கப்பட்டவருக்குச் சரியான நேரத்தில் தகவல் போக வேண்டும். ஜாமீன் விசாரணையில் பேச அவருக்கு உரிமை உண்டு. இது ஒப்புக்கு இருக்கும் பிரிவு இல்லை. 2021 அக்டோபரில் ராஜஸ்தான் வழக்கு ஒன்றில், நோட்டீஸ் தராமல் கொடுத்த ஜாமீனை எடுத்துக்கொண்ட உச்ச நீதிமன்றம் இதைக் கட்டாயம் என்றே சொல்லிவிட்டது. உங்களுக்கு டீக்கடையில் தகவல் தெரிகிறது, ஸ்டேஷனில் தெரியவில்லை என்பது எனக்குப் புதிதில்லை.

நாளைக் காலையிலேயே மாவட்ட நீதிமன்றத்துக்குப் போங்கள். உங்கள் வழக்கின் குற்ற எண்ணைச் சொல்லி, சிறப்பு நீதிமன்ற அரசு வழக்கறிஞர் அலுவலகத்தில் மனு நிலுவையில் இருக்கிறதா, அடுத்த தேதி என்ன என்று கேளுங்கள். இருந்தால், என்னையும் கேட்க வேண்டும் என்று ஓர் இடையீட்டு மனு. உங்கள் சார்பில் ஒரு வக்கீல் நிற்கலாம். நீங்களே நின்றும் பேசலாம்.

உங்கள் கடிதத்தில் எனக்கு உறுத்தும் இடம் வேறு. முதல் தகவல் அறிக்கையில் “சாதியைச் சொல்லி இழிவாகத் திட்டினார்” என்று மட்டும் இருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். என்ன வார்த்தை என்று இல்லை. யார் கேட்டார்கள் என்றும் இல்லை.

நான் வக்கீலான மூன்றாவது வருடம் ஓர் அம்மா வந்தார். மஞ்சள் பைக்குள் பிளாஸ்டிக் கவர், அதற்குள் நான்காக மடித்த நகல். அவர் புகாரிலும் இதே வரிதான். என்ன சொன்னான் என்று கேட்டேன். தலையைக் குனிந்துகொண்டு, “அதை எப்படிம்மா என் வாயால சொல்றது” என்றார். ஸ்டேஷனிலும் சொல்லியிருக்க மாட்டார். ரைட்டருக்கும் வேலை சுலபம்: எழுதி எழுதிப் பழகிய வரி. எதிர்த்தரப்பு வக்கீல் அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டார். எந்தச் சாதியை, எந்தச் சொல்லால், எந்த இடத்தில், யார் முன்னிலையில்? தாளில் பதில் இல்லை. அவனுக்கு முன் ஜாமீன் கிடைத்துவிட்டது. அந்த அம்மாவிடம் முதல் நாளே வெட்கத்தை உடைத்துக் கேட்டு, கூடுதல் வாக்குமூலம் கொடுக்க வைத்திருக்க வேண்டும். நான் செய்யவில்லை. எனக்கும் அந்தச் சொல்லை வாய்விட்டுக் கேட்கக் கூச்சமாக இருந்தது.

நீங்கள் செய்யுங்கள். இந்த வழக்கை விசாரிக்க வேண்டியவர் டி.எஸ்.பி. தகுதிக்குக் குறையாத அதிகாரி. அவரிடம் நேரில் போய், சொன்ன சொல் எதுவோ அதை மாற்றாமல், மெருகேற்றாமல் வாக்குமூலமாகக் கொடுங்கள். வரிசையில் உங்களுக்கு முன்னும் பின்னும் நின்றவர்கள், எடை போட்டவர், அவர்கள் பெயரைச் சொல்லுங்கள். பிறகு மாற்றிவிடுவார்களோ என்ற பயம் இருந்தால், நீதித்துறை நடுவர் முன்னால் வாக்குமூலம் பதியும்படி கேளுங்கள். நடக்காததை ஒரு வார்த்தைகூடச் சேர்க்காதீர்கள். பின்னால் சேர்த்தது என்று தெரிந்தால், நடந்ததையும் நம்ப மாட்டார்கள்.

ஊர்க்காரர் என்பதால் இன்னொரு வசதி. “அந்தப் பெண் என்ன சாதி என்று எனக்குத் தெரியாது” என்று அவர் தப்ப முடியாது. தெரிந்த குடும்பம் என்றால், சாதி தெரிந்தேதான் செய்தார் என்று சட்டமே எடுத்துக்கொள்ளும். இல்லை என்று நிரூபிப்பது அவர் பாடு.

இடமும் உங்களுக்குச் சாதகம். “பொதுமக்கள் பார்வையில் உள்ள இடம்” என்பதில்தான் நிறைய வழக்குகள் உடைகின்றன. 2020-ல் உத்தராகண்ட் வழக்கில் நான்கு சுவருக்குள், வெளியாள் யாரும் இல்லாதபோது பேசியது அதில் வராது என்றது உச்ச நீதிமன்றம். 2025 ஜனவரியில் நம் திருச்சிப் பக்கத்து வழக்கிலும், அரசு அலுவலக அறைக்குள் நடந்ததை அதே மாதிரிதான் பார்த்தது. மேலே சொன்ன மகாராஷ்டிர வழக்கில் அடியும் திட்டும் வீட்டுக்கு வெளியே, ஆட்கள் பார்க்க, அதனால் வழக்கு உடையாமல் நின்றது. ரேஷன் கடை வரிசையை விடப் பொதுவான இடம் எது?

மூன்று நாள் அலைய விட்டார்களே, அதற்கும் பிரிவு இருக்கிறது. பூர்வாங்க விசாரணை வேண்டும் என்று சாக்குச் சொல்ல 18ஏ-ல் இடமில்லை. கடமையை வேண்டுமென்றே செய்யாத அரசு ஊழியருக்கு பிரிவு 4-ல் ஆறு மாதம் முதல் ஒரு வருடம் வரை சிறை. அந்தப் பிரிவில் வழக்குப் பதிந்து நான் பார்த்ததை ஒரு கை விரலில் எண்ணிவிடலாம். ஆனாலும் தேதி, நேரம், யாரைப் பார்த்தீர்கள் என்று ஒரு நோட்டில் எழுதி வையுங்கள். பாதிக்கப்பட்டவருக்கு அரசு தரும் நிவாரணத் தொகையில் முதல் பகுதி வழக்குப் பதிந்த கட்டத்திலேயே வர வேண்டும்; தீர்ப்பு வரை காத்திருக்க வேண்டியதில்லை. கலெக்டர் அலுவலகத்தில் ஆதி திராவிடர் நலப் பிரிவில் கேளுங்கள்.

கேள்வி: வாட்ஸ்அப் குழுவில் சாதியைச் சொல்லித் திட்டினால் இந்தச் சட்டம் வருமா? போனில் திட்டினால்?
– கல்லூரி மாணவர், மதுரை

பதில்: இருவர் மட்டும் பேசிய போன் என்றால் பொதுப்பார்வை என்று சொல்வது கஷ்டம், மிரட்டல் போன்ற வேறு பிரிவுகள் வரலாம். குழுவில் போட்டால் கதை வேறு, பத்துப் பேர் படிக்கிறார்கள். இணையத்தில் ஏற்றிய பேட்டியும் பொதுப்பார்வைதான் என்று 2022-ல் கேரள உயர் நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. அதே கேரளத்திலிருந்து போன யூடியூப் வழக்கு ஒன்றில் 2024 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் முன் ஜாமீன் கொடுத்தது. திட்டப்பட்டவர் பட்டியல் சாதி என்பது மட்டும் போதாது, அந்தச் சாதி என்பதற்காகவே இழிவுபடுத்தியதாக இருக்க வேண்டும் என்பது காரணம். ஸ்கிரீன்ஷாட்டோடு மட்டும் வராதீர்கள். செய்தி வந்த போனையும் அழிக்காமல் வைத்திருங்கள்.

கேள்வி: கொலை வழக்கில்கூட முன் ஜாமீன் கேட்கலாம். திட்டியதற்குக் கேட்கக் கூடாதா? இது நியாயமா?
– ஓய்வு பெற்ற தலைமை ஆசிரியர், தேனி

பதில்: ஐயா, இதே கேள்வியை நானும் கோர்ட்டில் கேட்டிருக்கிறேன், குற்றம் சாட்டப்பட்டவருக்காக நின்றபோது. 1995-ல் மத்தியப் பிரதேசத்திலிருந்து போன ராம் கிருஷ்ண பலோதியா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்குப் பதில் சொல்லிவிட்டது. முன் ஜாமீன் என்பதே 1973-ஆம் ஆண்டுச் சட்டத்தில்தான் வந்தது. அரசியல் சாசனம் கொடுத்த அடிப்படை உரிமை இல்லை. தீண்டாமையை ஒழிக்கும் 17-வது பிரிவுதான் அரசியல் சாசனத்தில் இருக்கிறது. வெளியே இருக்கும் ஆள் புகார் கொடுத்தவரை மிரட்டிப் பணிய வைப்பான் என்ற பயம் இந்தக் குற்றங்களில் அதிகம் என்றும் நீதிமன்றம் பார்த்தது.

கொலையில் சாட்சி சொல்பவர் பெரும்பாலும் மறுநாள் கொலைகாரனின் தோட்டத்துக்குக் கூலிக்குப் போக வேண்டியதில்லை. இங்கே போக வேண்டியிருக்கிறது. அதே கிணறு, அதே கடன், அதே பஸ் நிறுத்தம். மேலே எழுதிய திண்டுக்கல் ஐயாவின் கடிதத்தையே பாருங்கள்: பையன் கைதாகவில்லை, அதற்குள் பெரியவர்களை அனுப்பலாமா, வேலைக்குக் கூப்பிடாமல் விடலாமா என்று பேச்சு வந்துவிட்டது. பொய் வழக்கே இல்லை என்று சொல்ல மாட்டேன். வரப்புத் தகராறில் இந்தப் பிரிவைச் செருகியதை நானே பார்த்திருக்கிறேன். அவற்றில் தாளைப் படித்தாலே தெரிந்துவிடும், முன் ஜாமீனும் கிடைத்திருக்கிறது. 2020 பிருத்விராஜ் சவுகான் தீர்ப்பு விட்டுவைத்த இடம் அதற்குப் போதும் என்பது என் கட்சி. உங்களுக்கு ஒப்பவில்லை என்றால் எழுதுங்கள், வாதாடலாம்.

கேள்வி: என்னைத் திட்டியவரும் பட்டியல் சாதிதான், ஆனால் வேறு பிரிவு. வழக்குப் போடலாமா?
– சிவகங்கை மாவட்டம்

பதில்: இந்தச் சட்டத்தில் முடியாது. குற்றம் செய்தவர் பட்டியல் சாதியோ பழங்குடியோ அல்லாதவராக இருக்க வேண்டும். சாதாரணத் தண்டனைச் சட்டத்தில் போடலாம். அதில் அவர் முன் ஜாமீனும் கேட்கலாம். கிறிஸ்தவத்துக்கு மாறியவர்களுக்கும் 1950-ஆம் ஆண்டு ஆணைப்படி பட்டியல் சாதி நிலை இல்லை என்பதால் இதே சிக்கல் வருகிறது. திட்டுபவன் ஞானஸ்நானச் சான்றிதழைப் பார்த்துவிட்டா திட்டுகிறான் என்று கேட்பீர்கள். நானும் கேட்கிறேன். சட்டம் இன்று அப்படித்தான் இருக்கிறது.

கேள்வி: முன் ஜாமீனை எதிர்த்து நிற்க வக்கீலுக்குக் கொடுக்கப் பணம் இல்லை. என்ன செய்வது?
– அதே விருதுநகர் வாசகி, பின்குறிப்பாக

பதில்: பின்குறிப்பில் போட வேண்டிய கேள்வியா இது! பட்டியல் சாதியினருக்கும், எந்தச் சாதிப் பெண்ணுக்கும் வருமானம் பார்க்காமல் இலவச வக்கீல் உண்டு. அந்த இரண்டு வழியிலும் உங்களுக்கு உரிமை இருக்கிறது. மாவட்ட நீதிமன்ற வளாகத்திலேயே மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழு அலுவலகம் இருக்கும். முதல் தகவல் அறிக்கை நகல், சாதிச் சான்றிதழ், ஆதார் மூன்றையும் எடுத்துப் போங்கள். நகல் தரவில்லை என்றால் இலவசமாகத் தர வேண்டும் என்று ஸ்டேஷனில் கேளுங்கள். போக முடியாத நாளில் 15100-க்கு போன் செய்யலாம். வன்கொடுமைக்கென்றே இருக்கும் எண் 14566. போகும்போது வெறும் மனு மட்டும் கொடுத்துவிட்டு வராதீர்கள். முன் ஜாமீன் மனுவின் அடுத்த தேதியை மேலே பெரிதாக எழுதி, “அவசரம்” என்று போட்டுக் கொடுங்கள். இல்லாவிட்டால் வக்கீல் நியமன உத்தரவு தேதி முடிந்த மறுநாள் வந்து சேரும்.